ஆலை வாயிலில் தொடங்கிய விடுதலை

(பெங்களூரில் தமிழ்த் தோழர்களின் ஜூலை 30 தியாகிகள் நாள் கூட்டத்தில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)

தோழர்களே,

சில வாரங்களுக்கு முன் நம் இதழுக்காக மத்திய அமெரிக்க நாடுகளைப் பற்றிய ஒரு கட்டுரையைத் தமிழாக்கிக்கொண்டிருந்தேன். நிகரகுவா, எல் சால்வடோர், குவாத்தமாலா என்று நமக்குப் பழகிய பெயர்களுக்கு நடுவே, நம்மில் பலர் கேள்விப்பட்டிராத பெலீஸ் என்ற சிறு நாடும் ஒரு பத்தியில் வந்து போயிற்று. 1981 செப்டம்பர் 21 அன்று பிரிட்டன் அந்நாட்டுக்குச் சுதந்திரம் வழங்கியது என்பதே அந்தப் பத்தியின் சாரம். எழுதிவிட்டு அடுத்த பத்திக்குப் போயிருக்கலாம், போக முடியவில்லை. 'வழங்கியது' என்ற சொல் உறுத்தியது. அகராதி தரும் பொருள் அதுதான், மொழிபெயர்ப்பில் பிழையில்லை. ஆயினும் தமிழில் வழங்குபவன் உடையவன், பெறுபவன் இல்லாதவன். பிறருடைய நாட்டைப் பிடித்து வைத்திருந்தவன் கையை எடுத்துக்கொள்வதை வழங்குதல் என்று எப்படிச் சொல்வது?

பெலீசின் வரலாற்றைச் சற்றுத் தேடிப் படித்தேன். மகோகனி மரத்துக்காக ஆப்பிரிக்க அடிமைகளைக் கொண்டுவந்து காட்டை வெட்டிய ஆங்கிலேயர், 1862இல் அதைப் 'பிரிட்டிஷ் ஹோண்டுராஸ்' என்ற காலனியாக்கினர். தனியார் நிலத்தில் ஏறத்தாழப் பாதி ஒரே ஒரு நிறுவனத்தின் உடைமை. அங்கே முதலில் எழுந்து நின்றவர் அரச குடும்பத்தவரோ வழக்கறிஞரோ அல்லர். அன்டோனியோ சொபெரானிஸ் என்ற முடிதிருத்தும் தொழிலாளி. 1934இல் வேலையற்றோரைத் திரட்டிச் சங்கம் அமைத்து, மரம் அறுக்கும் ஆலையின் வாயிலில் மறியல் நடத்தியவர் அவர். 1950இல் உருவான விடுதலை இயக்கமும் பொதுத் தொழிலாளர் சங்கத்தின் தோளில் ஏறித்தான் வளர்ந்தது. 1934க்கும் 1981க்கும் இடையே 47 ஆண்டுகள். கொடியிறக்கும் நாளில் வந்து நின்ற பிரிட்டிஷ் பிரதிநிதி வழங்கியது என்ன?

அந்த 1934 என்ற ஆண்டைக் கண்டதும் எனக்கு வேறொரு ஊர் நினைவுக்கு வந்தது. அதே ஆண்டு ஜூன் மாதத்தில் பாண்டிச்சேரியில் 'சுதந்திரம்' என்ற ஏடு தொடங்கப்பட்டது. தொடங்கியவர் தோழர் வ. சுப்பையா, அப்போது அவருக்கு 23 வயது. பெயரைக் கவனியுங்கள். அன்றைய பிரெஞ்சிந்தியாவில் அந்தச் சொல்லை ஏட்டின் தலையில் அச்சிடுவதே ஒரு செயல்.

நம் பக்கத்திலேயே ஒரு பெலீஸ் இருந்தது, தோழர்களே. சிறிய நாடு, பெரிய அரசுகளின் மேசையில் பலமுறை கைமாறிய நாடு, தன் விடுதலையைப் பிறர் எழுதிய ஒப்பந்தத்தின் தேதியால் அறியுமாறு கட்டாயப்படுத்தப்பட்ட நாடு. அதைப் பற்றித்தான் இன்று பேச வந்தேன்.

1664இல் பிரெஞ்சுக் கிழக்கிந்தியக் கம்பெனி தோன்றியது. 1674இல் பிரான்சுவா மார்த்தேன் பாண்டிச்சேரியில் நிலைகொண்டார். பிறகு டச்சுக்காரர் பிடித்தனர், திருப்பிக் கொடுத்தனர், ஆங்கிலேயர் 1761இல் பிடித்து நகரையே தரைமட்டமாக்கினர், திருப்பிக் கொடுத்தனர், மறுபடியும் பிடித்தனர். நெப்போலியன் வீழ்ந்தபின் 1814இல் செய்த உடன்படிக்கையால் பாண்டிச்சேரி, காரைக்கால், மாஹே, ஏனாம், சந்திரநாகூர் என்ற ஐந்து துண்டுகள் பிரான்சின் கையில் எஞ்சின. இந்தக் கைமாற்றங்களில் ஒன்றிலேனும் அங்கே வாழ்ந்தவரை யாரும் கேட்கவில்லை. ஆனந்தரங்கப் பிள்ளையின் நாட்குறிப்பைப் படித்தவர்களுக்கு ஆளுநர் மாளிகையின் உள்ளறை வரை தெரியும். நெசவாளியின் வீட்டுக்குள் அந்தக் குறிப்பு அதிகம் எட்டிப் பார்ப்பதில்லை.

ஆனால் நெசவாளிதான் அந்த ஊரின் உயிர். நீலம் தோய்த்த பருத்தித் துணி பாண்டிச்சேரியிலிருந்து கப்பலேறி ஆப்பிரிக்காவின் செனகல் கரைக்குப் போயிற்று. 'கினே' என்று அதற்குப் பெயர். அங்கே அது பிசினுக்கும், அடிமை வணிகம் நடந்த காலத்தில் மனிதர்களுக்கும் ஈடாகக் கொடுக்கப்பட்டது. 1848இல் பிரான்சு தன் காலனிகளில் அடிமை முறையை ஒழித்ததும் கரீபியக் கரும்புத் தோட்டங்களுக்கு ஆள் இல்லை. 1853 முதல் பாண்டிச்சேரி, காரைக்கால் துறைகளிலிருந்து தமிழர்களை ஒப்பந்தக் கூலிகளாக மார்த்தினிக்குக்கும் பின்னர் குவாதலூப்புக்கும் ஏற்றினர். பெலீசின் கரையை நனைப்பதும் அதே கரீபியக் கடல்தான். முன்பு துணி போயிற்று. பின்பு துணி நெய்த குடும்பத்தின் ஆளே போனார்.

பிரெஞ்சு ஆட்சி ஆங்கிலேய ஆட்சியைவிட மேலானது என்று ஒரு கருத்து நம்மிடையே இன்றும் உண்டு. அதற்குக் காரணமும் உண்டு. 1908இல் பாரதி அங்கே அடைக்கலம் புகுந்து பத்தாண்டுகள் வாழ்ந்தார், வ.வே.சு. ஐயரும் அரவிந்தரும் அங்கே தங்கினர். பிரிட்டிஷ் போலீசாரிடமிருந்து தப்பியவருக்கு அது நிழல்தான். ஆனால் சென்னையிலிருந்து வந்தவருக்குக் கிடைத்த நிழல் வில்லியனூர்க்காரருக்குக் கிடைத்ததா? சுதந்திரம், சமத்துவம், சகோதரத்துவம் என்று அரசுக் கட்டடங்களில் பொறித்த அதே ஆட்சி, ஐரோப்பியருக்கு ஒரு வாக்காளர் பட்டியல், இந்தியருக்கு வேறு பட்டியல் என்று வைத்திருந்தது. சில நூறு ஐரோப்பியரின் வாக்கும் இலட்சக்கணக்கான மக்களின் வாக்கும் தராசில் ஒரே எடையாக நிற்கும்படி இடங்கள் பங்கிடப்பட்டன. இரண்டாம் உலகப் போர் முடியும் தறுவாயில்தான் அந்த ஏற்பாடு ஒழிந்தது.

இதற்கிடையில் ஒரு சிறு கதை. 1873இல் பொன்னுத்தம்பி என்ற வழக்கறிஞர் ஐரோப்பியர் அணியும் சப்பாத்துடன் நீதிமன்றத்துக்குள் நுழைந்தார். இந்தியருக்கு அது கூடாது என்று நீதிபதி வெளியேற்றினார். வழக்கைப் பாரிசின் உச்ச நீதிமன்றம் வரை கொண்டுபோய் அவர் வென்றார். 1881இல் சாதி வழக்கங்களை உள்ளடக்கிய தனிச் சட்டத்தைத் துறந்து பிரெஞ்சுச் சிவில் சட்டத்தை ஏற்கலாம் என்று ஆணை வந்தபோது முன்னணியில் நின்று கையெழுத்திட்டுத் தம் பெயரையும் 'லா போர்த்' என்று மாற்றிக்கொண்டார். 'வாயில்' என்பது அதன் பொருள். சாதியின் கொடுமையிலிருந்து வெளியேற ஒரு வாயில் என்று ஒடுக்கப்பட்ட மக்கள் பலர் அதில் நம்பிக்கை வைத்தனர். அந்த நம்பிக்கையை நான் ஏளனம் செய்யமாட்டேன். நீதிமன்றத்தில் சப்பாத்து அணியும் உரிமை சிறிதன்று. ஆனால் பஞ்சாலைக்குள் வெறுங்காலுடன் நின்றவருக்கு அந்த வாயில் திறக்கவில்லை.

பாண்டிச்சேரியில் மூன்று பெரிய பஞ்சாலைகள்: சவானா, ரோடியர், கெப்ளே. இங்கே பின்னி ஆலையைச் சுற்றி வளர்ந்த தோழர்களுக்கு அந்தக் காட்சியை நான் விளக்க வேண்டியதில்லை. விடியுமுன் சங்கு, பஞ்சுத் தூசி, குழந்தைகளும் வேலைக்கு, பத்து மணி நேரத்துக்கும் மேற்பட்ட நாள். பிரான்சில் 1884ஆம் ஆண்டுச் சட்டப்படி தொழிற்சங்கம் அமைக்கலாம். அந்தச் சட்டம் பிரெஞ்சிந்தியாவுக்குப் பொருந்தாது என்று வைத்திருந்தனர். பாரிசில் உரிமையாக இருந்தது பாண்டிச்சேரியில் குற்றமாக இருந்தது.

1934 பிப்ரவரியில் சுப்பையாவின் முயற்சியால் காந்தியடிகள் பாண்டிச்சேரி வந்தார். தீண்டாமை ஒழிப்புப் பணியில் தொடங்கிய அந்த இளைஞர் ஆலைச் சேரிகளுக்குள் நுழைந்தார். நுழைந்தவர் அங்கேயே தங்கிவிட்டார். 1935 பிப்ரவரியில் சவானா ஆலையில் தொடங்கிய வேலைநிறுத்தம் 84 நாள் நீடித்தது. சட்டப்படி சங்கமே இல்லாத ஊரில் 84 நாள் ஆலையை நிறுத்துவது என்றால் என்னவென்று, வேலைநிறுத்தம் நடத்திய அனுபவமுள்ள தோழர்கள் அறிவார்கள். யார் அரிசி கொடுத்தார், எந்தக் கடைக்காரர் கடன் சொன்னார், எந்த ஊர்க்காரர் தங்கள் தோட்டத்துக் காய்கறியை அனுப்பினார் என்பதில்தான் அப்படிப்பட்ட போராட்டம் நிற்கும் அல்லது விழும்.

இனி 1936. இந்த ஆண்டைச் சற்று நிதானமாகப் பார்க்க வேண்டும்.

மே மாதம் பிரான்சில் மக்கள் முன்னணி தேர்தலில் வென்றது. சோஷலிஸ்டான லெயோன் புளும் பிரதமரானார். பிரெஞ்சுக் கம்யூனிஸ்டுக் கட்சி வெளியிலிருந்து ஆதரித்தது. பாரிஸ் தொழிலாளர்கள் ஆலைகளுக்குள்ளேயே அமர்ந்து அவற்றைக் கைப்பற்றினர். ஜூன் தொடக்கத்தில் மத்தினியோன் மாளிகையில் உடன்பாடு கையெழுத்தாயிற்று: கூலி உயர்வு, சங்க உரிமை. தொடர்ந்து வாரம் 40 மணி நேரம், சம்பளத்துடன் விடுமுறை ஆகியவற்றுக்குச் சட்டங்கள். உலகத் தொழிலாளர் இயக்கம் இன்றும் பெருமையுடன் நினைக்கும் நாட்கள் அவை.

அந்தச் செய்தி பாண்டிச்சேரி ஆலைகளுக்கும் வந்தது. தொழிலாளர்கள் கேட்டது வாரம் 40 மணி நேரம் அன்று. நாளுக்கு எட்டு மணி நேரம், சங்கம் அமைக்கும் உரிமை. பாரிஸ் தோழர்களைப் போலவே ஆலைக்குள் அமர்ந்தனர். அதே பிரெஞ்சுக் குடியரசு, அதே மக்கள் முன்னணி அரசு. மத்தினியோன் உடன்பாட்டுக்குப் பின் எட்டு வாரம்கூட ஆகவில்லை. ஜூலை 30 அன்று காலனி ஆட்சியின் ஆயுதப்படை சுட்டது. பன்னிரண்டு தொழிலாளர்கள் மாண்டனர்.

இந்த இடத்தில் நம் மேடைகளில் 'ஏகாதிபத்தியத்தின் கோர முகம்' என்று சொல்லிவிட்டு மேலே போய்விடுவது வழக்கம். நான் போக விரும்பவில்லை. சுட்ட ஆட்சிக்குப் பாரிசில் தலைமை தாங்கியவர்கள் பாசிசத்தை எதிர்த்தவர்கள். தொழிலாளிக்கு விடுமுறைச் சம்பளம் கொடுத்தவர்கள். அவர்களின் அரசில் பாண்டிச்சேரித் தொழிலாளி ஏன் சாக வேண்டியிருந்தது? தாய்நாட்டில் இடதுசாரி அரசு அமைந்தாலும், ஆளுநரும் போலீசும் ஆலை முதலாளியும் மாறாத வரை காலனி காலனியாகவே இருக்கும் என்பதே விடை. நல்லவர் பாரிசில் ஆட்சிக்கு வந்தால் நமக்கும் நல்லது நடக்கும் என்று காத்திருந்தவர்களின் கணக்கு அந்த ஒரு நாளில் முடிந்துபோயிற்று.

ஆயினும் இரத்தம் வீண்போகவில்லை. பிரான்சில் கண்டனம் எழுந்தது. பிரெஞ்சுத் தோழர்களும் குரல் கொடுத்தனர். 1937 ஏப்ரலில் பிரெஞ்சிந்தியாவுக்கான தொழிலாளர் ஆணை வந்தது. எட்டு மணி நேர வேலைநாள், சங்க உரிமை, பெண்களின் உழைப்புக்கும் சிறுவரின் உழைப்புக்கும் வரம்பு. ஆசியாவிலேயே முதன்முதலில் எட்டு மணி நேரம் பெற்றவர்கள் பாண்டிச்சேரித் தொழிலாளர்கள் என்று நம் பேச்சாளர்கள் சொல்வதுண்டு. சோவியத் ஒன்றியத்தின் ஆசியக் குடியரசுகளை அவர்கள் மறந்துவிடுகிறார்கள். அதை மட்டும் திருத்திக்கொள்ளலாம். ஆனால் எல்லைக் கோட்டுக்கு இந்தப் பக்கம் பாருங்கள்: பிரிட்டிஷ் இந்தியாவின் 1934ஆம் ஆண்டுத் தொழிற்சாலைச் சட்டம் நாளுக்குப் பத்து மணி நேரம், வாரத்துக்கு 54 மணி நேரம் என்றது. அது 48 ஆகக் குறைய 1946 ஆயிற்று. கடலூரில் வேலை செய்தவர் பாண்டிச்சேரித் தொழிலாளியை ஒன்பது ஆண்டுகள் பொறாமையுடன் பார்த்திருப்பார்.

பன்னிரண்டு உயிர் கொடுத்துப் பெற்ற அந்த எட்டு மணி நேரம் இன்று எந்த நிலையில் இருக்கிறது? 2023 பிப்ரவரியில் நாம் அமர்ந்திருக்கும் இதே கர்நாடகத்தின் சட்டமன்றம் நாளுக்குப் பன்னிரண்டு மணி நேரம் வரை வேலை வாங்க இடமளிக்கும் திருத்தத்தை நிறைவேற்றியது. அதே ஆண்டு ஏப்ரலில் தமிழ்நாட்டிலும் அப்படியொரு மசோதா நிறைவேறியது. எதிர்ப்பு வலுத்ததால் மே தினத்தன்று திரும்பப் பெறப்பட்டதாக அறிவிக்கப்பட்டது. அங்கே திரும்பப் பெற வைத்தோம். இங்கே வைக்கவில்லை. ஏன் என்பதைத் தோழர்கள் விவாதத்தில் எழுப்ப வேண்டுமென்று விரும்புகிறேன். நான் பதில் வைத்திருப்பதால் கேட்கவில்லை.

வரலாற்றுக்குத் திரும்புவோம். 1940இல் பிரான்சு ஹிட்லரிடம் வீழ்ந்தபோது ஆளுநர் போன்வேன் தெ கோலின் பக்கம் சேர்ந்தார். போர் முடிந்ததும் 1946இல் தேசிய ஜனநாயக முன்னணி நகராட்சித் தேர்தல்களிலும், ஆண்டு இறுதியில் நடந்த பிரதிநிதித்துவ சபைத் தேர்தலிலும் பெரும்பான்மை பெற்றது; சபையின் 44 இடங்களில் 30. அந்த முன்னணியின் முதுகெலும்பு கம்யூனிஸ்டுகளும் தொழிற்சங்கமும். சுப்பையா பாரிசின் மேலவைக்கு உறுப்பினராகச் சென்றார். அதாவது டெல்லியில் கொடி ஏறுவதற்கு முன்பே பிரெஞ்சிந்திய மக்கள் தங்கள் தலைமையைத் தேர்ந்துவிட்டனர்.

பிறகு வந்தது 1947 ஆகஸ்டு 15. அந்த நாளை நாடு முழுவதற்கும் ஒரே நாளாகப் பள்ளியில் படித்துவிட்டோம். இந்த ஊரைப் பாருங்கள். மைசூர் மன்னர் இணைப்புப் பத்திரத்தில் கையெழுத்திட்டுவிட்டார். ஆனால் மக்களுக்குப் பொறுப்பான அரசு இல்லை. செப்டம்பரில் 'மைசூர் சலோ' கிளர்ச்சி வெடித்தது. மாணவர்களும் தொழிலாளர்களும் தெருவில் இறங்கி, அக்டோபர் இறுதியில்தான் கே.சி. ரெட்டியின் அமைச்சரவை பதவியேற்றது. பெங்களூரின் விடுதலை ஆகஸ்டில் வந்ததா, அக்டோபரில் வந்ததா? அப்படியானால் பாண்டிச்சேரியின் விடுதலை எப்போது வந்தது?

இங்கேதான் நாம் நம்மையே நேராகப் பார்க்க வேண்டிய ஒரு பகுதி வருகிறது. நம் வரலாற்றை நாமே சொல்லும்போது வெற்றிகளை அடுக்குவதும் தயக்கங்களை விழுங்குவதும் நம்மிடம் உள்ள பழக்கம். 1946இல் மக்கள் பெரும்பான்மையைப் பெற்றிருந்த நம் தோழர்கள், 1948க்குப் பின் சில ஆண்டுகள் இந்திய ஒன்றியத்துடன் உடனடி இணைப்பு என்ற முழக்கத்தின் முன் தயங்கினர். காரணம் புரியாததன்று. எல்லைக்கு இந்தப் பக்கம் கம்யூனிஸ்டுகளை வேட்டையாடிக்கொண்டிருந்தனர். 1950 பிப்ரவரியில் சேலம் சிறையில் 22 தோழர்கள் சுட்டுக் கொல்லப்பட்டனர். அந்த ஆட்சியுடன் சேர்வதா என்று ஒரு பாண்டிச்சேரித் தோழர் கேட்டிருந்தால் அவரைக் குறை சொல்ல எனக்கு நா எழாது. ஆயினும் மக்களின் தேசிய உணர்வு ஒரு பக்கம் ஓடிக்கொண்டிருக்க, தலைமை கரையில் நின்று கணக்குப் பார்த்தது. அந்த இடைவெளியில் வேறு ஆட்கள் நுழைந்தனர்.

அவர்களில் முதன்மையானவர் எதுவார் குபேர். 1947இல் அமைந்த பிரெஞ்சிந்திய சோஷலிஸ்டுக் கட்சியின் தலைவர். பெயரில்தான் சோஷலிசம், ஆலை முதலாளிகளும் நிர்வாகமும் அவருக்குப் பின்னால். 1948 அக்டோபர் நகராட்சித் தேர்தல் அடியாட்களின் தேர்தலாக நடந்தது. மாஹேயில் ஐ.கே. குமரன் தலைமையில் மக்கள் எழுந்து சில நாட்கள் நிர்வாகத்தையே கைப்பற்றினர். பிரெஞ்சுப் போர்க்கப்பல் வந்து அடக்கியது. 1950 தொடக்கத்தில் பாண்டிச்சேரியில் சுப்பையாவின் வீடு தாக்கித் தீயிடப்பட்டது. 1951இல் வந்த நடுநிலை நாட்டுப் பார்வையாளர்களே அங்கே நேர்மையான பொது வாக்கெடுப்புக்கான சூழல் இல்லை என்று எழுதிவிட்டுப் போயினர். சந்திரநாகூரில் மட்டும் 1949 ஜூனில் வாக்கெடுப்பு நடந்தது. இந்தியாவுக்கு 7,473, எதிராக 114. அந்த எண்ணைப் பார்த்தபின் பிரெஞ்சு அரசு வேறெங்கும் வாக்கெடுப்பு நடத்த அவசரம் காட்டவில்லை.

1954 மார்ச்சில் குபேரே அணி மாறி இணைப்புக் கொடியைப் பிடித்தார். நெட்டப்பாக்கத்தில் மூவண்ணக் கொடி ஏறியது. நம் தோழர்கள் பழைய தயக்கத்தை உதறியிருந்தனர். ஏப்ரலில் திருபுவனையில் இறங்கினர். மாஹே அருகே செறுகல்லாயியில் பிரெஞ்சுப் போலீசாரின் குண்டுக்கு இரண்டு தோழர்கள் பலியாயினர். ஜூனில் ஏனாமும் ஜூலையில் மாஹேயும் விடுபட்டன. வீட்டை எரித்த கூட்டத்தின் தலைவரும் வீடு எரிந்தவரும் ஒரே முழக்கத்தின் கீழ் நின்ற விசித்திரமான கோடை அது. வரலாறு நமக்கு வேண்டிய துணைவர்களை மட்டும் அனுப்புவதில்லை.

ஆனால் பிரான்சைப் பேச்சு மேசைக்கு இழுத்தது பாண்டிச்சேரி மட்டுமன்று. அந்த ஆண்டு மே 7 அன்று தியன் பியன் பூவில் வியத்நாம் மக்கள் படை பிரெஞ்சுச் சேனையை முறியடித்தது. பிரதமர் மெந்தேஸ் பிரான்சின் அரசு ஜூலையில் ஜெனீவாவில் உடன்பாட்டுக்கு வந்தது. வியத்நாமிய விவசாயி தோளில் சுமந்து மலையேற்றிய பீரங்கியின் ஓசை கீழூர் வரை கேட்டது.

கீழூர் பாண்டிச்சேரிக்கு மேற்கே ஒரு சிற்றூர். 1954 அக்டோபர் 18 அன்று அங்கே 178 மக்கள் பிரதிநிதிகள் கூடி வாக்களித்தனர். இணைப்புக்கு 170, எதிராக 8. சம்பந்தப்பட்ட மக்களின் சம்மதமின்றி எந்த நிலப்பகுதியையும் கைமாற்றுவது செல்லாது என்று 1946ஆம் ஆண்டுப் பிரெஞ்சு அரசியல் சட்டம் சொல்லியிருந்தது. அந்தச் சம்மதத்தைப் பெறும் சடங்கு இது. மக்கள் நேரே வாக்களித்திருந்தாலும் முடிவு மாறியிராது என்பதே என் கருத்து. ஆனால் அவர்களைக் கேட்கவில்லை என்பதும் உண்மை. அக்டோபர் 21 அன்று டெல்லியில் ஒப்பந்தம். நவம்பர் 1 அன்று நிர்வாகம் இந்தியாவின் கைக்கு வந்தது.

அந்த நவம்பர் 1 விடியற்காலையில் வேறொரு இடத்திலும் ஒன்று நடந்தது. அல்ஜீரியாவில் தேசிய விடுதலை முன்னணி ஆயுதப் போரைத் தொடங்கியது. ஒரே பேரரசு, ஒரே நாள். ஒரு மூலையில் கொடியை மடித்துக்கொண்டிருக்க, மறு மூலையில் எட்டாண்டுப் போருக்கு முதல் குண்டு வெடித்தது. 1956 மே 28 அன்று இந்தியாவும் பிரான்சும் சட்டப்படியான ஒப்பந்தத்தில் கையெழுத்திட்டன. பிரெஞ்சு நாடாளுமன்றம் அதற்கு ஒப்புதல் தரவில்லை. ஆறு ஆண்டுகள் இழுத்தது. பாண்டிச்சேரியைச் சட்டப்படி கொடுத்தால் அல்ஜீரியாவுக்கு முன்னுதாரணமாகிவிடும் என்ற அச்சம். 1962 ஜூலையில் அல்ஜீரியா விடுதலை பெற்றது. அதே ஜூலையில் நாடாளுமன்றம் ஒப்புதல் தந்தது. ஆகஸ்டு 16 அன்று பத்திரங்கள் பரிமாறப்பட்டன. பாண்டிச்சேரியின் சட்டபூர்வ விடுதலைக்கு அல்ஜீரிய மக்கள் விலை கொடுத்தனர் என்று சொன்னால் அது மேடை அலங்காரமன்று. நாட்காட்டி அப்படிச் சொல்கிறது.

அந்த 1956 ஒப்பந்தத்தின் பெயரில்தான் மறுபடியும் என் தொழில் குறுக்கே வருகிறது. பிரெஞ்சில் அதற்கு 'செஸ்ஸியோன்' ஒப்பந்தம் என்று பெயர். கடன் பத்திரத்தையும் சொத்துரிமையையும் ஒருவர் மற்றவர் பெயருக்கு மாற்றிக் கொடுக்கும்போது சட்டத்தில் வரும் சொல் அது. நம் பத்திரப்பதிவு அலுவலகத் தமிழில் 'உரிமை மாற்றம்' என்பார்கள். அந்த ஆவணத்தில் 'விடுதலை' என்ற சொல்லுக்கு இடமே இல்லை. நிலம் இருக்கிறது, கட்டடம் இருக்கிறது, ஓய்வூதியம் இருக்கிறது, குடியுரிமைத் தெரிவு இருக்கிறது. ஆறு மாதத்துக்குள் தெரிவு செய்யலாம் என்றதில் ஏறக்குறைய ஐயாயிரம் பேர் பிரெஞ்சுக் குடிகளாக நீடித்தனர். பன்னிரண்டு தொழிலாளர்கள் இல்லை. அவர்கள் இருக்கவும் முடியாது. சொத்து கைமாறும்போது விற்பவரும் வாங்குபவரும் மட்டுமே கையெழுத்திடுவர்.

ஆகவே 'இந்தியாவிடம் பாண்டிச்சேரி ஒப்படைக்கப்பட்ட நாள்' என்று யாரேனும் எழுதித் தந்தால், நம் இதழுக்கு நான் அதை 'பிரெஞ்சு ஆட்சி வெளியேறிய நாள்' என்று மாற்றுகிறேன். பெலீஸ் கட்டுரையிலும் 'பிரிட்டன் வழங்கியது' என்பதை அடித்து 'பெலீஸ் விடுதலை பெற்றது' என்று எழுதினேன். மூலத்துக்கு உண்மையாக இல்லை என்று ஆசிரியர் குழுத் தோழர் ஒருவர் கேட்டார். எந்த மூலத்துக்கு என்று நான் திருப்பிக் கேட்டேன். விவாதம் முடியவில்லை, தேநீர் வந்துவிட்டது.

பிந்தைய நிகழ்வுகளைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். 1963 ஜூலை 1 அன்று பாண்டிச்சேரி சட்டமன்றத்துடன் கூடிய ஒன்றியப் பிரதேசமாயிற்று. முதல் முதலமைச்சர் எதுவார் குபேர். சுப்பையா எதிர்க்கட்சியில் அமர்ந்தார். 1969இல் அமைந்த திமுக தலைமையிலான கூட்டணி அரசில் அமைச்சராகவும் இருந்தார். 1993 அக்டோபரில் மறைந்தார். பாரிசிலிருந்து வந்த ஆளுநர் போனார். டெல்லியிலிருந்து வரும் துணைநிலை ஆளுநர் இருக்கிறார். தேர்ந்தெடுத்த அமைச்சரவை ஒரு கோப்பை நகர்த்த அவர் கையெழுத்துக்குக் காத்திருக்கும் செய்திகளை ஏடுகளில் நீங்கள் படித்திருப்பீர்கள். மாநிலத் தகுதி கேட்டுச் சட்டமன்றம் நிறைவேற்றிய தீர்மானங்கள் டெல்லியில் கிடக்கின்றன. அதைக் காலனி என்று நான் சொல்லவில்லை. அங்கே வாக்குரிமை முழுமையானது, பட்டியல் ஒன்றே. ஆனால் அந்தச் சிறு நிலத்தின் மக்களைக் கேட்காமலே அவர்களுக்காக முடிவெடுக்கும் பழக்கம் 1814இல் தொடங்கியதன்று, 1962இல் முடிந்ததும் அன்று.

ஆலைகள்? ரோடியர் ஆலை பின்னாளில் ஆங்கிலோ பிரெஞ்சு டெக்ஸ்டைல்ஸ், சுருக்கமாக ஏ.எப்.டி. என்று ஆயிற்று, அரசுடைமையாகவும் ஆயிற்று. 2020 ஏப்ரல் 30 அன்று, கொரோனா ஊரடங்கில் தெருவில் யாரும் கூட முடியாத நாளில், அது நிரந்தரமாக மூடப்பட்டது. 1936இல் துப்பாக்கியால் காலி செய்ய முடியாத ஆலை வாயில்கள் அவை.

அடுத்த முறை பாண்டிச்சேரிக்குச் செல்லும் தோழர்கள் இரண்டு சாலைகளில் நடந்து பாருங்கள். சுற்றுலாப் பயணிகள் படமெடுக்கும் கடற்கரைச் சாலைக்குக் குபேரின் பெயர். ரயில் நிலையத்தை விட்டு வெளியே வந்ததும் நாம் கால்வைக்கும் சாலைக்குச் சுப்பையாவின் பெயர். பெங்களூரிலிருந்து ரயிலில் போகிறவர்களுக்கு முதலில் வருவது அதுதான்.

என் பேச்சு நீண்டுவிட்டது. தோழர்கள் கேள்விகளைத் தொடங்கலாம். கர்நாடகத்தின் பன்னிரண்டு மணி நேரத் திருத்தத்தைப் பற்றிய கேள்வியை முதலில் எடுத்துக்கொள்ளுமாறு தலைமை தாங்கும் தோழரைக் கேட்டுக்கொள்கிறேன்.